பாட்டிலைத் திறந்த பிறகுதான் வேலை ஆரம்பம்

சென்னை பாடியில் எங்கள் தெருவில் யாருக்கு உடம்பு சரியில்லை என்றாலும் முதலில் வரும் கேள்வி, "ஏத்துனாங்களா?" என்பதுதான். காய்ச்சலோ, வாந்தியோ, வெறும் அசதியோ, கையில் ஊசி குத்தி ஒரு பாட்டில் தொங்கவிட்டால்தான் வைத்தியம் பார்த்ததாக மனசு ஒப்புக்கொள்கிறது. நான் அம்பத்தூர் பக்கம் ஒரு தனியார் மருத்துவமனையின் கேஷுவாலிட்டியில் ஸ்டாஃப் நர்ஸ். அந்தப் பாட்டில் கண் முன்னால் உயிரைத் திருப்பிக் கொடுப்பதைப் பார்த்திருக்கிறேன். அதே பாட்டில் இடம் தெரியாமல் போனால் மூச்சுத்திணறலில் கொண்டுபோய் விடும் என்பதையும் பார்த்திருக்கிறேன். எங்கே காப்பாற்றுகிறது, எங்கே கெடுக்கிறது என்பது டாக்டருக்கும் நர்ஸுக்கும் மட்டும் தெரிந்தால் போதாது. பக்கத்தில் நிற்கும் வீட்டாருக்கும் தெரிந்திருக்க வேண்டும். அதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

ஒரே பாட்டிலை நாங்கள் இரண்டு விதமாகக் கொடுக்கிறோம். வாய்வழி சாப்பிட முடியாதவருக்கும் ஆபரேஷன் முடிந்தவருக்கும் மணிக்கணக்கில் சொட்டுச் சொட்டாக இறக்குவது ஒன்று. பிரஷர் இறங்கி, கை கால் சில்லிட்டு வருகிறவருக்குக் கால் மணி நேரத்துக்குள் 250 மில்லியோ 500 மில்லியோ மளமளவென்று உள்ளே அனுப்புவது இன்னொன்று. இந்த இரண்டாவதைத்தான் 'போலஸ்' என்கிறோம். "ஐநூறு ஆர்.எல். போலஸ் போடுங்க சிஸ்டர்" என்று டாக்டர் சொன்னால், ஆர்.எல். எனப்படும் ரிங்கர் லாக்டேட் உப்புக் கரைசலின் ரெகுலேட்டரை முழுசாகத் திறந்துவிடுவோம். குழந்தை என்றால் எடை பார்த்துக் கிலோவுக்கு 10 முதல் 20 மில்லி என்று கணக்குப் போட்டு, பெரிய சிரிஞ்சில் இழுத்துக் கையாலேயே தள்ளுவோம்.

வந்து சேர்ந்தால்தான் அனுப்ப முடியும்

ஆரோக்கியமான பெரியவரின் இதயம் ஒரு துடிப்பில் சுமார் 70 மில்லி ரத்தத்தை வெளியே தள்ளும். நிமிடத்துக்கு 70 துடிப்பு என்று வைத்தால் 4900 மில்லி, ஏறக்குறைய 5 லிட்டர். உடம்பில் இருக்கும் மொத்த ரத்தமே கிட்டத்தட்ட அவ்வளவுதான். ஆக, சும்மா உட்கார்ந்திருக்கும்போதே நிமிடத்துக்கு ஒரு முறை அத்தனை ரத்தமும் ஒரு சுற்று வந்துவிடுகிறது.

ஆனால் இதயத்துக்கு எவ்வளவு வந்து சேருகிறதோ அவ்வளவைத்தான் அது வெளியே அனுப்பும். வாந்தி பேதியிலோ ரத்தம் போனதிலோ திரவம் குறைந்துவிட்டால் சிரைகள் வழியாக இதயத்துக்குத் திரும்பும் ரத்தமும் குறைகிறது. கிணறு வற்றிப்போனால் மோட்டார் எவ்வளவு வேகமாக ஓடினாலும் குழாயில் தண்ணீர் வராது. அந்த நிலைமைதான் இதுவும். துடிப்புக்கு 70 மில்லி தள்ளிய இதயத்தால் இப்போது 40 மில்லிதான் தள்ள முடிகிறது.

உடம்பு இதைச் சில நொடிகளில் கண்டுபிடித்துவிடும். கழுத்தில் மூளைக்குப் போகும் பெரிய ரத்தக்குழாயிலும், இதயத்திலிருந்து கிளம்பும் மகாதமனியின் வளைவிலும், அழுத்தத்தை உணரும் நரம்பு நுனிகள் இருக்கின்றன. அழுத்தம் குறைந்ததும் அவை மூளைக்குச் செய்தி அனுப்புகின்றன. அட்ரினலின் சுரக்கிறது. இதயம் வேகம் எடுக்கிறது. 40 மில்லியை 125 முறை தள்ளினால் அதே 5 லிட்டர் வந்துவிடும் அல்லவா? கூடவே தோலிலும் கை கால்களிலும் உள்ள சிறு ரத்தக்குழாய்கள் சுருங்கி, இருக்கும் ரத்தத்தை மூளைக்கும் இதயத்துக்கும் மிச்சம் பிடிக்கின்றன. அதனால்தான் பாதம் சில்லிடுகிறது. பிரஷர் மெஷின் இன்னும் நல்ல எண்ணைக் காட்டிக்கொண்டிருக்கும்போதே நாடி வேகமாகவும் பாதம் குளிர்ந்தும் இருந்தால், உடம்பு தன் கைச்சேமிப்பைச் செலவழித்துக்கொண்டிருக்கிறது என்று புரிந்துகொள்ள வேண்டும்.

போலஸ் செய்வது இதன் மறுபக்கம். சிரைகள் நிரம்புகின்றன. இதயத்துக்குத் திரும்பும் ரத்தம் கூடுகிறது. இதயத் தசை கொஞ்சம் கூடுதலாக விரிகிறது. விரிந்த தசை பலமாகச் சுருங்குகிறது. ஒவ்வொரு துடிப்பிலும் கூடுதல் ரத்தம் வெளியேறுகிறது. ஓட்டோ ஃபிராங்க், எர்னஸ்ட் ஸ்டார்லிங் என்ற இரண்டு விஞ்ஞானிகள் கண்டு சொன்ன விதி இது. துடிப்புக்குத் துடிப்பு போகும் அளவு கூடிவிட்டதால் அவசர ஓட்டம் தேவையில்லாமல் போய், நாடி இறங்குகிறது. ஆனால் இந்த விதிக்கு ஓர் எல்லை உண்டு. ஓரளவுக்கு மேல் விரிந்த இதயத்துக்குள் இன்னும் திரவத்தை விட்டால், வெளியே போகும் ரத்தம் கூடாது. பின்னால் தேங்கும் நீர் நுரையீரலிலும் கல்லீரலிலும் போய் நிற்கும்.

ஒரு மணி நேரம், பக்கத்திலிருந்து

இது எப்படி நடக்கிறது என்று ஒரு நோயாளியை வைத்துச் சொல்கிறேன். அம்பத்தூர் தொழிற்பேட்டையில் பிரஸ் ஷாப்பில் வேலை பார்க்கும் இளைஞர் ஒருவர். 60 கிலோ இருப்பார். ராத்திரி முழுக்க வாந்தியும் பேதியும். விடிகாலையில் லூகாஸ் ஸ்டாப் பக்கம் இருந்து ஆட்டோவில் தூக்கி வந்தார்கள். நாடி 132. பிரஷர் 88/64. உதடு காய்ந்து கிடந்தது. விரல் நகத்தை அழுத்திப் பிடித்து விட்டேன். வெளுத்த நகம் மறுபடி சிவப்பதற்கு நான்கு நொடிக்கு மேல் ஆனது. நல்ல உடம்பில் இரண்டு, மூன்று நொடிக்குள் சிவந்துவிடும்.

முதலில் செய்தது, சிரைக்குள் போகும் மெல்லிய குழாயான வென்ஃபிளானைப் பச்சை நிறத்தில் போட்டது. வென்ஃபிளான் நிறத்தில் ஒரு கணக்கு இருக்கிறது. பச்சை 18, ரோஸ் 20, நீலம் 22, மஞ்சள் 24. எண் கூடக் கூடக் குழாய் மெலிது. நீலத்தில் ஓடுவதைப்போல இரண்டு மடங்குக்கு மேல் பச்சையில் ஓடும். பயந்த நோயாளிகள் "சின்ன ஊசியா போடுங்க" என்று கேட்பார்கள். போலஸ் போட வேண்டிய நேரத்தில் அதைக் கேட்க முடியாது.

"அண்ணே, ஜில்லுன்னு ஏறும், பயப்படாதீங்க" என்று சொல்லி ஆர்.எல். பாட்டிலைத் திறந்துவிட்டேன். சுமார் பதினைந்து நிமிடத்தில் 500 மில்லி இறங்கியது. நாடி 118. பிரஷர் 98/64. இந்த இடத்தில் மேல் எண்ணை மட்டும் பார்த்தால் பாதிதான் தெரியும். மேல் எண்ணுக்கும் கீழ் எண்ணுக்கும் உள்ள வித்தியாசம் 24-லிருந்து 34 ஆகியிருந்தது. ஒரு துடிப்பில் இதயம் எவ்வளவு தள்ளுகிறது என்பதற்கு, கருவி ஏதும் இல்லாத இடத்தில், இந்த வித்தியாசம் ஒரு தோராயமான அடையாளம். அடுத்த பாட்டில் போவதற்கு முன் மூச்சை ஒரு முழு நிமிடம் எண்ணினேன். 24. வந்தபோதும் அதேதான். டாக்டர் முதுகில் ஸ்டெத் வைத்துக் கேட்டார். நுரையீரலின் அடிப்பகுதியில் நீர் கோத்ததற்கான கரகரப்பு எதுவும் இல்லை.

இரண்டாவது பாட்டில். நாடி 104. பிரஷர் 108/68. நகம் மூன்று நொடிக்குள் சிவந்தது. பாதத்தில் சூடு வந்தது. கொஞ்ச நேரத்தில், "சிஸ்டர், ஒன்னுக்கு வருது" என்றார். எங்கள் வேலையில் இதைவிட நல்ல செய்தி கிடையாது. சிறுநீரகத்துக்கு ரத்தம் போக ஆரம்பித்துவிட்டது என்பதற்கு அதுவே சாட்சி. அதற்குப் பிறகு வேகத்தைக் குறைத்து, உப்புச் சர்க்கரைக் கரைசலைச் சிறுகச் சிறுகக் குடிக்க வைத்தோம்.

இவருக்கு போலஸ் மருந்து. காரணம், இவர் இழந்தது தண்ணீரும் உப்பும். இழந்ததையே திருப்பிக் கொடுத்தோம்.

நாடியை மட்டும் நம்பக் கூடாது

இதிலிருந்து "நாடி வேகமாக இருந்தால் ஏற்று, குறைந்தால் நிறுத்து" என்று ஒரு சூத்திரம் போட்டுவிட முடியாது. நாடி வேகமாக ஓட நூறு காரணம் உண்டு. உடம்புச் சூடு ஒரு டிகிரி செல்சியஸ் கூடினால் நாடி சுமார் 10 துடிப்பு ஏறும். வலி, பயம், ரத்தசோகை, தைராய்டு எல்லாமே ஏற்றும். காய்ச்சலோடு அழும் குழந்தையின் நாடியை எண்ணி மூன்று பாட்டில் ஏற்றுவது வைத்தியமாகாது.

நேர்மாறாக, ஆபத்திலும் ஓடாத நாடி உண்டு. மெட்டோபுரோலால், அட்டெனோலால் போன்ற பீட்டா பிளாக்கர் மாத்திரை சாப்பிடுகிறவர்களின் இதயத்தை அந்த மாத்திரை கட்டிப்போட்டிருக்கும். உள்ளே ரத்தம் கசிந்துகொண்டிருந்தாலும் நாடி 80-ஐத் தாண்டாமல் இருக்கலாம். "நாடி நார்மல்" என்று விட்டுவிட்டால் ஏமாந்துபோவோம். அதனால்தான் மாத்திரை அட்டையைக் கேட்டு உயிரை எடுக்கிறோம்.

வேகமாகத் திரவம் உள்ளே போவதாலேயே நாடி ஏறுவதும் உண்டு. 1915-ல் ஃபிரான்சிஸ் பெயின்பிரிட்ஜ் என்ற ஆங்கிலேய உடலியல் அறிஞர், மயக்கத்தில் இருந்த நாய்களின் சிரையில் திரவத்தைச் செலுத்தியபோது இதயத் துடிப்பு கூடுவதைக் கண்டார். இதயத்தின் மேலறைகள் நிரம்பி விரியும்போது கிளம்பும் அனிச்சைச் செயல் அது. மனிதர்களிடம் அது அவ்வளவு வலுவாக வேலை செய்வதில்லை. ஆனாலும் பாடம் ஒன்றுதான்: வற்றிய உடம்பில் திரவம் நாடியை இறக்கும். நிரம்பிய உடம்பில் இறக்காது, சில சமயம் ஏற்றும். போலஸுக்குப் பிறகும் நாடி குறையவில்லை என்றால், இன்னொரு பாட்டிலைத் தொங்கவிடுவதற்கு முன் காரணம் தேட வேண்டும்.

பிரஷர் இறங்கி ஆபத்தான நிலையில் இருக்கும் நோயாளிகளிலேயே ஏறக்குறைய பாதிப் பேருக்குத்தான் போலஸ் கொடுத்தால் இதயம் தள்ளும் அளவு கூடுகிறது என்று பல ஆய்வுகள் சேர்ந்து காட்டியிருக்கின்றன. மீதிப் பாதிப் பேருக்கு அந்தத் திரவம் சுமை. யார் எந்தப் பாதி என்று அறிய ஒரு நல்ல சோதனை இருக்கிறது. நோயாளியைத் தலைப்பக்கம் உயர்த்திய நிலையிலிருந்து சமமாகப் படுக்கவைத்து, கட்டிலையே சாய்த்துக் காலை 45 டிகிரிக்கு உயர்த்துவோம். காலிலும் வயிற்றிலும் தேங்கியிருக்கும் ஏறக்குறைய 300 மில்லி ரத்தம் இதயத்துக்கு ஓடிவரும். அவருடைய ரத்தத்தையே அவருக்கு போலஸாகக் கொடுத்ததுபோல. ஒரு நிமிடத்துக்குள் எக்கோவில் இதயம் தள்ளும் அளவு கூடுகிறதா என்று டாக்டர் பார்ப்பார். கூடினால் திரவம் பலன் தரும். கூடாவிட்டால் காலை இறக்கிவிட்டால் போதும், ரத்தம் பழைய இடத்துக்குப் போய்விடும். பாட்டிலில் ஏற்றிய திரவத்தை அப்படித் திரும்ப எடுக்க முடியாது.

உள்ளே போனது எங்கே போகிறது?

ஏற்றிய 500 மில்லியும் ரத்தக்குழாயிலேயே இருந்துவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். நார்மல் சலைன் என்ற உப்புக் கரைசலும் ஆர்.எல்.லும் ரத்தக்குழாயின் சுவர் வழியாக வெளியே உள்ள திசுக்களுக்குள் பரவிவிடும். நல்ல உடம்பில் ஒரு மணி நேரம் கழித்து ரத்தக்குழாய்க்குள் மிஞ்சுவது கால்வாசிதான். மீதமுள்ளது கால் வீக்கமாகவும் முக வீக்கமாகவும் மாறலாம், சிறுநீராகப் போகலாம். பதினைந்தாவது நிமிடத்தில் தெரிந்த முன்னேற்றம் இரண்டு மணி நேரத்தில் கரைந்துபோவதற்கு இதுவும் ஒரு காரணம்.

'குளுக்கோஸ் பாட்டில்' என்று எல்லாரும் சொல்லும் 5 சதவீத டெக்ஸ்ட்ரோஸ் போலஸுக்கு உதவவே உதவாது. அதில் உள்ள சர்க்கரையை உடம்பு எடுத்துக்கொண்டதும் மிஞ்சுவது வெறும் தண்ணீர். அது உடம்பின் செல்களுக்குள் எல்லாம் பரவிவிடும், ரத்தக்குழாயில் தங்குவது பத்தில் ஒரு பங்குகூட இல்லை. சத்து என்று பார்த்தாலும் 500 மில்லியில் இருப்பது 25 கிராம் சர்க்கரை. நூறு கலோரிக்குள்தான் வரும். இரண்டு இட்லி அதைக் கொடுத்துவிடும்.

நார்மல் சலைன் 500 மில்லியில் 4.5 கிராம் உப்பு இருக்கிறது. பெரியவர் ஒருவர் ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவாகவே உப்புச் சேர்த்துக்கொள்ள வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. அசதி என்று வந்து ஒரு பாட்டில் கேட்டு வாங்கி ஏற்றிக்கொள்ளும் பிரஷர் நோயாளி, அரை மணி நேரத்தில் ஒரு நாள் உப்பை ரத்தத்தில் வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போகிறார்.

முதல் நோயாளியே சொன்ன பாடம்

இந்த வைத்தியம் பிறந்தது காலராவில். வங்காளத்திலிருந்து கிளம்பி உலகத்தைச் சுற்றிய காலரா 1831-ல் இங்கிலாந்தை அடைந்தது. வில்லியம் ஓஷானஸி என்ற இளம் டாக்டர் நோயாளிகளின் ரத்தத்தைச் சோதித்து, அதில் தண்ணீரும் உப்பும் குறைந்திருப்பதைக் கண்டு சொன்னார். பிற்பாடு கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் பாடம் நடத்தியவரும், இந்தியாவில் தந்திக் கம்பி போட்டவரும் இவரே. அவர் சொன்னதை 1832-ல் செய்து பார்த்தவர் ஸ்காட்லாந்தின் லீத் துறைமுகத்தில் இருந்த டாக்டர் தாமஸ் லட்டா.

அவருடைய முதல் நோயாளி ஒரு வயதான பெண்மணி. நாடியே தட்டுப்படாத நிலை. உப்புக் கரைசலை லட்டா சிரை வழியாகச் செலுத்தச் செலுத்த நாடி திரும்பியது. குழி விழுந்த கண்ணில் ஒளி வந்தது, உடம்பில் சூடு ஏறியது. அரை மணி நேரத்தில் மூன்று லிட்டருக்கு மேல் கொடுத்திருந்தார். பிழைத்துவிட்டார் என்று நம்பி, வேறொரு டாக்டரின் பொறுப்பில் விட்டுவிட்டுக் கிளம்பினார். பேதி மறுபடி ஆரம்பித்தது. சில மணி நேரத்தில் அந்தப் பெண்மணி இறந்துபோனார். திரும்பவும் திரவம் கொடுத்திருந்தால் காப்பாற்றியிருக்கலாம் என்று லட்டாவே எழுதிவைத்தார். இருநூறு ஆண்டு ஆகப்போகிறது. போலஸ் கொடுப்பது ஒரு தடவை செய்து முடிக்கிற காரியமில்லை என்று அந்த முதல் நோயாளியே காட்டிவிட்டார்.

எழும்பூரும் ஆப்பிரிக்காவும்

நம் பக்கத்துக் குழந்தைகளுக்கு ஆபத்து என்றால் கடைசியில் போய்ச் சேரும் இடம் எழும்பூர் குழந்தைகள் ஆஸ்பத்திரி. போலஸ் பற்றிய உலக ஆராய்ச்சியில் அதற்கு ஓர் இடம் உண்டு. அங்கே அவசர சிகிச்சைப் பிரிவில் இருந்த டாக்டர் இந்துமதி சந்தானமும் குழுவினரும் நடத்திய ஓர் ஆய்வு 2008-ல் வெளியானது. கிருமித் தொற்று ரத்தத்தில் பரவி, ரத்த ஓட்டம் போதாத 'ஷாக்' நிலையில் வந்த 147 குழந்தைகளை இரண்டு பிரிவாகப் பிரித்தார்கள். ஒரு பிரிவுக்குக் கிலோவுக்கு 40 மில்லி, 15 நிமிடத்தில். இன்னொரு பிரிவுக்குக் கிலோவுக்கு 20 மில்லி, 20 நிமிடத்தில், தேவைக்கேற்ப மறுபடியும். வேகமாக, அதிகமாகக் கொடுத்ததால் அதிகக் குழந்தைகள் பிழைத்தார்களா? இல்லை. இரண்டு பிரிவிலும் இறப்பு விகிதத்தில் வித்தியாசம் தெரியவில்லை. ஆனால் வேகமாகக் கொடுத்த பிரிவில், இருபதாவது நிமிடத்திலேயே கல்லீரல் வீங்கிய குழந்தைகள் அதிகம்.

கல்லீரல் ஏன் வீங்குகிறது? இதயத்தால் வாங்கி அனுப்ப முடியாமல் தேங்கும் ரத்தம் முதலில் போய் நிற்கும் இடம் அதுதான். அதனால் போலஸ் தொடங்குவதற்கு முன்பே குழந்தையின் வலது விலா எலும்புக்குக் கீழே கல்லீரலின் விளிம்பை விரலால் தேடி, தோலில் பேனாவால் கோடு போட்டுவைப்போம். ஒவ்வொரு போலஸ் முடிந்ததும் அதே இடத்தில் விரலை வைப்போம். விளிம்பு கோட்டைத் தாண்டிக் கீழே இறங்கியிருந்தால் நிறுத்த வேண்டும். ஒரு பேனாவும் பழகிய விரலும் போதும். ஸ்கேன் வேண்டாம்.

டெல்லி எய்ம்ஸில் நடந்து 2017-ல் வெளியான ஆய்வில், ஒரே அளவு போலஸை 96 குழந்தைகளுக்கு இரண்டு வேகத்தில் கொடுத்துப் பார்த்தார்கள். 5 முதல் 10 நிமிடத்தில் தள்ளியபோது முதல் ஆறு மணி நேரத்தில் வென்டிலேட்டர் தேவைப்பட்டவர்களும் ஆக்ஸிஜன் நிலை மோசமானவர்களும் சேர்ந்து 57 சதவீதம். 15 முதல் 20 நிமிடத்தில் கொடுத்தபோது 36 சதவீதம்.

எல்லாவற்றையும்விட உலகத்தை உலுக்கியது 2011-ல் கென்யா, உகாண்டா, தான்சானியா நாடுகளிலிருந்து வந்த முடிவு. கடும் காய்ச்சலோடு ரத்த ஓட்டம் குறைந்து வந்த 3141 குழந்தைகள். பேதியால் வற்றிப்போன குழந்தைகளை அந்த ஆய்வில் சேர்க்கவில்லை. போலஸ் கொடுத்த பிரிவுகளில் 48 மணி நேரத்துக்குள் இறந்தவர்கள் சுமார் 10.5 சதவீதம். போலஸ் கொடுக்காமல் மெதுவாகத் திரவம் கொடுத்த பிரிவில் 7.3 சதவீதம். என் மனதை அதிகம் உறுத்துவது வேறொரு விஷயம். முதல் ஒரு மணி நேரத்தில் பார்த்தபோது போலஸ் பெற்ற குழந்தைகள்தான் தேறியவர்களாகத் தெரிந்தார்கள். இறப்புகள் பிறகு வந்தன. பெரும்பாலும் நுரையீரலில் நீர் கோத்து வந்தவைகூட இல்லை, ரத்த ஓட்டமே குலைந்து வந்தவை.

அந்த ஆஸ்பத்திரிகளில் வென்டிலேட்டர் வசதி இல்லை. மலேரியாவும் கடும் ரத்தசோகையும் உள்ள குழந்தைகள் நிறையப் பேர். அதை அப்படியே சென்னைக்குப் பொருத்த முடியாது. ஆனாலும் அதன் பிறகு சிந்தனை மாறியது. 2020-ல் வந்த சர்வதேச வழிகாட்டி, தீவிர சிகிச்சை வசதி இல்லாத இடத்தில், பிரஷர் இறங்காத குழந்தைக்கு போலஸ் கொடுக்க வேண்டாம் என்கிறது. வசதி உள்ள இடத்திலும் கிலோவுக்கு 10 முதல் 20 மில்லியாகப் பிரித்துக் கொடுத்து, ஒவ்வொரு முறையும் பார்த்துப் பார்த்து முன்னேறச் சொல்கிறது.

மழைக்குப் பிறகு வரும் டெங்கு

அக்டோபர் தொடங்கி டிசம்பர் வரை பாடி, கொரட்டூர், அம்பத்தூர் பகுதிகளிலிருந்து எங்களிடம் வரும் டெங்கு நோயாளிகள், போலஸ் விஷயத்தில் தனி ரகம். டெங்குவில் ஆபத்து காய்ச்சல் விடும்போதுதான் ஆரம்பிக்கிறது. ரத்தக்குழாயின் சுவர் கசிந்து, ரத்தத்தின் நீர்ப்பகுதி வெளியே ஓடுகிறது. வீட்டார் "சூடு இறங்கிடுச்சு, நாளைக்கு வீட்டுக்குப் போயிடலாமா?" என்று கேட்கும் அதே நேரத்தில் நாங்கள் மணிக்கு மணி பிரஷர் பார்ப்பது இதனால்தான். மேல் எண் 110 இருக்கும், கீழ் எண் 90 இருக்கும். 110-ஐப் பார்த்து நிம்மதி அடையக் கூடாது. இடைவெளி 20 ஆகச் சுருங்கிவிட்டது, ஷாக் தொடங்கிவிட்டது என்று அர்த்தம்.

இங்கே அவசரப்பட்டுக் கொட்டினால், கொட்டியதும் அதே ஓட்டை வழியாக வயிற்றிலும் நெஞ்சிலும் போய்ச் சேரும். அதனால் பிரஷர் இன்னும் இறங்காத ஷாக்கில் கிலோவுக்கு 5 முதல் 10 மில்லியை ஒரு மணி நேரத்துக்கு நீட்டிக் கொடுக்கச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனத்தின் 2009 வழிகாட்டி. பிரஷர் விழுந்துவிட்டால் மட்டும் கிலோவுக்கு 20 மில்லி, 15 நிமிடத்தில். வீட்டார் எல்லாரும் "பிளேட்லெட் எவ்வளவு?" என்று கேட்கிறார்கள். திரவம் கொடுக்கும் கையை நடத்துவது பி.சி.வி. என்ற ரத்த அடர்த்தி எண். நீர் கசிந்தால் அது ஏறும். திரவம் தங்கினால் இறங்கும். பிரஷர் விழுந்த நிலையிலேயே அது திடீரென்று இறங்கினால் உள்ளே ரத்தம் போகிறதா என்று சந்தேகப்பட வேண்டும்.

ஒன்றிரண்டு நாளில் கசிவு நின்று, வெளியே போன நீர் தானாகவே ரத்தத்துக்குள் திரும்பும். நாடி நிதானமாகும், சிலருக்கு வழக்கத்தைவிடக் குறையும். பாட்டிலைக் கழற்ற வேண்டிய நேரம் இது. பழக்கத்தில் தொடர்ந்து ஏற்றினால், பிழைத்த பிள்ளைக்கு மூச்சு வாங்க ஆரம்பிக்கும்.

ஏற்றக் கூடாத இடம்

எழுபது வயதைத் தாண்டிய ஓர் அம்மாவை ஒரு மாலையில் அழைத்து வந்தார் அவர் மகன். நாடி 120. பிரஷர் 90/60. "ரெண்டு நாளா சாப்பிடலைங்க சிஸ்டர், முதல்ல ஒரு பாட்டில் ஏத்திடுங்க" என்று கெஞ்சினார். எண்களை மட்டும் பார்த்தால் அந்தப் பிரஸ் ஷாப் இளைஞருக்கும் இந்த அம்மாவுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை. ஆனால் அந்த அம்மாவால் படுக்க முடியவில்லை. உட்கார்ந்தபடியே மூச்சு வாங்கினார். கழுத்துச் சிரை புடைத்துத் தெரிந்தது. கணுக்காலில் விரலை அழுத்தினால் குழி விழுந்தது. உடம்பில் நீர் நிறைய இருக்கிறது, தள்ளத்தான் இதயத்துக்குத் தெம்பில்லை. டாக்டர் எக்கோ வைத்துப் பார்த்து அதையே உறுதி செய்தார். இந்த இடத்தில் 500 மில்லி போலஸ் போட்டிருந்தால் அது நுரையீரலில்தான் போய் நின்றிருக்கும். ஆக்ஸிஜனும், இதயத்துக்குத் தெம்பு கொடுக்கும் மருந்தும் கொடுத்தோம். "தம்பி, அம்மாவுக்குத் தண்ணி பத்தாம இல்ல, தண்ணி தேங்கிப்போச்சு" என்று மகனிடம் விளக்கினேன். புரிந்துகொண்டார்.

ஆகவே கேஷுவாலிட்டிக்குள் நுழைந்ததும் எங்களிடம் சொல்ல வேண்டியவை சில உண்டு. இதயத்தில் ஸ்டென்ட் வைத்ததோ, இதயம் பலவீனம் என்று யாராவது சொன்னதோ உண்டா? கிட்னிப் பிரச்சினை, டயாலிசிஸ் உண்டா? பிரஷருக்கு என்ன மாத்திரை? கடைசியாக எப்போது சிறுநீர் போனது? குழந்தை என்றால் எடை எவ்வளவு? வேறு கிளினிக்கில் ஏற்கெனவே எத்தனை பாட்டில் போனது? கடைசிக் கேள்விக்குப் பல பேர் தயங்குகிறார்கள். திட்டுவோம் என்று பயப்பட வேண்டாம். அந்தக் கணக்கு தெரியாமல் அடுத்த பாட்டிலைத் தொடவே முடியாது.

வாயால் குடிக்க முடிகிறவருக்கு வாய்தான் சிறந்த வழி. 1971-ல் வங்காள எல்லையில் பன்கான் அகதி முகாமில் காலரா பரவி, சலைன் தீர்ந்துபோனபோது, டாக்டர் திலீப் மஹலானபிஸ் உப்பும் சர்க்கரையும் கலந்த கரைசலை வாய்வழி கொடுத்தே ஆயிரக்கணக்கானவர்களைக் காப்பாற்றினார். குடிக்கும் உடம்பு தனக்கு வேண்டியதை அளந்து எடுத்துக்கொள்ளும். சிரையில் விடும்போது அந்த அளவுகோல் நம் கைக்கு வந்துவிடுகிறது.

கைக்கு வந்த அந்தப் பொறுப்பைச் சுமக்க ஆள் வேண்டும். இதைத்தான் மருத்துவமனை நடத்துகிறவர்களிடமும் அரசிடமும் சொல்ல விரும்புகிறேன். போலஸுக்கான திரவம் விலை குறைந்தது. வென்ஃபிளானும் அப்படித்தான். கிடைக்காமல் தவிப்பது, அந்தக் கட்டிலை விட்டு நகராமல் நாடியையும் மூச்சையும் எண்ணி, நகத்தை அழுத்தி, கல்லீரலைத் தடவிப் பார்க்க ஒரு நர்ஸுக்கு வேண்டிய நேரம். இருபது நோயாளிக்கு இரண்டு பேர் என்று ஓடும் வார்டில் பாட்டிலைத் திறக்க முடியும், திறந்த பிறகு பார்க்க முடியாது. லட்டா தன் நோயாளியை விட்டுப் போனபோது நடந்ததும், ஆப்பிரிக்காவில் முதல் மணி நேரத்துக்குப் பிறகு நடந்ததும் அதன் விலையைச் சொல்கின்றன. போலஸ் எழுதப்படும் ஒவ்வொரு கட்டிலுக்கும் அடுத்த ஒரு மணி நேரத்துக்கு ஒரு நர்ஸை ஒதுக்குங்கள். அதற்கு மேல் வாங்க வேண்டிய எந்தக் கருவியும் அதன் பிறகு வரட்டும்.